சிற்றூரில் ஒரு கால்பந்துக் கழகம்



மாலை ஐந்து மணியாயிற்றென்றால் எங்கள் குயிலாப்பாளையத்தில் செம்மண் புழுதி எழும். முந்திரித் தோப்புகளுக்கு அப்பாலுள்ள வெளியில் பிள்ளைகள் பந்து உதைக்கத் தொடங்கிவிட்டார்கள் என்பதற்கு அதுவே அடையாளம். கீழ்த்திசையிலிருந்து கடற்காற்று வீசும்போது அப்புழுதி என் வீட்டுத் திண்ணை வரையில் வந்து படியும். ஆசிரியப் பணியிலிருந்து ஓய்வு பெற்ற கிழவனாகிய நான், அதைத் துடைத்தவாறே அவர்களுடைய ஆரவாரத்தைக் கேட்டுக்கொண்டிருப்பது வழக்கம்.

சென்ற திங்களில் ஒரு மாலை, ஆட்டம் முடிந்ததும் அப்பிள்ளைகள் திரண்டு என் திண்ணைக்கு வந்தார்கள். வெளியூர்ச் செல்வர் ஒருவர் அவர்களுடைய ஆட்டத்தைக் கண்டு மகிழ்ந்து, சட்டை, காலணி, பந்து, பயிற்சியாளர் ஊதியம் ஆகிய அனைத்தையும் தாமே ஏற்றுக்கொள்வதாகச் சொல்லியிருக்கிறார். கழகத்திற்குத் தம் தொழிலகத்தின் பெயரைச் சூட்டவேண்டும், கழகத்தின் காரியங்களைத் தம் ஆட்களிடம் ஒப்படைக்கவேண்டும் என்பவை மட்டுமே அவர் விதித்த நிபந்தனைகள். "ஏற்றுக்கொள்ளலாமா, ஐயா?" என்று கேட்டார்கள். அவர்களுள் இளையவன் ஒருவன் வேறொரு கேள்வியும் கேட்டான். "பெரிய ஊர்க் கழகங்கள் நூறாண்டு நிற்கின்றனவே, ஐயா. சின்ன ஊர்க் கழகம் மட்டும் ஏன் நிற்பதில்லை?"

இரண்டு கேள்விகளும் உண்மையில் ஒன்றே என எனக்குத் தோன்றிற்று. உடனே விடை சொல்ல இயலவில்லை. வாழ்நாள் முழுதும் வரலாறு கற்பித்தவனுக்கு அறிவுரை கூறுவதைவிட வரலாறு கூறுவது எளிது. ஆகவே அன்று அவர்களுக்கு ஒரு சிற்றூர்க் கழகத்தின் வரலாற்றைச் சொன்னேன். அதையே இன்று உங்கள் முன் வைக்கிறேன்.

நம் நாட்டுக்குக் கால்பந்து ஆங்கிலப் படைவீரர்களோடு வந்தது. 1888ஆம் ஆண்டில் சிம்லாவில் டூராண்டுக் கோப்பைப் போட்டி தொடங்கிற்று. மறு ஆண்டில் கல்கத்தாவில் மோகன் பகான் கழகம் பிறந்தது. 1911ஆம் ஆண்டு ஜூலை 29ஆம் நாள், பெரும்பாலும் வெறுங்காலோடு ஆடிய அக்கழகத்தார், காலணி அணிந்து ஆடிய கிழக்கு யார்க்ஷயர் படைக்குழுவை இரண்டுக்கு ஒன்று என்ற கணக்கில் வென்று கேடயத்தைக் கைப்பற்றினர். அன்று முதல் நெடுங்காலம் இந்தியக் கால்பந்து என்றால் கல்கத்தாதான் என்று மக்கள் கருதினர். மாநகரத்திற்கு மக்கள் தொகை உண்டு. இலட்சக்கணக்கான இரசிகர் உண்டு. நுழைவுச் சீட்டு வாங்கும் கூட்டமும் உண்டு. சிற்றூருக்கு இவற்றுள் எது உண்டு?

இக்கேள்விக்குப் பஞ்சாபில் ஓர் ஊர் விடை கூறிற்று. அவ்வூரின் பெயர் பக்வாரா. லூதியானாவுக்கும் ஜலந்தருக்கும் இடையே, பழைய பெருவழிச் சாலையின் மேல் அமைந்த சிறு நகரம் அது. முன்னாளில் கபுர்தலா சமஸ்தானத்தைச் சேர்ந்திருந்தது. அங்கே ஒரு துணியாலை இருந்தது. கபுர்தலா மன்னர் ஜகத்ஜித் சிங்கின் பெயரால் வழங்கிய அந்த ஆலையின் சுருக்கப் பெயரே ஜே.சி.டி. என்பது. 1971ஆம் ஆண்டில் அந்த ஆலை ஒரு கால்பந்துக் கழகத்தை நிறுவிற்று.

ஆலைக்கும் ஆட்டத்துக்கும் என்ன தொடர்பு என நீங்கள் கேட்கலாம். அந்நாளில் நம் நாட்டில் பந்தாட்டத்தையே தொழிலாகக் கொண்டு வாழ்தல் அரிது. காவல் துறை, இரயில்வே, வங்கி, ஆலை ஆகிய நிறுவனங்கள் ஆட்டக்காரருக்கு வேலை கொடுத்துத் தம் குழுவில் ஆடச் செய்தன. மாதம் பிறந்தால் சம்பளம் வரும் என்ற உறுதி இருந்தால்தான், உழவர் வீட்டுத் தந்தை தம் மகனை ஏர்க்காலிலிருந்து விடுவித்து ஆடுகளத்திற்கு அனுப்புவார். பக்வாராவில் ஆலை தந்த அந்த உறுதியே கழகத்தின் அடித்தளமாயிற்று.

அக்கழகத்தின் முதற் பெருமை இந்தர் சிங். அவர் அந்தப் பக்வாராவிலேயே பிறந்தவர். 1964ஆம் ஆண்டு ஆசியக் கோப்பையில் இந்தியா இரண்டாம் இடம் பெற்றபோது நம் குழுவில் ஆடியவர். 1974-75ஆம் ஆண்டு சந்தோஷ் கோப்பைப் போட்டியில் பஞ்சாப் மாநிலத்திற்காக 23 கோல்கள் அடித்தவர். ஒரே போட்டித் தொடரில் ஒருவர் 23 முறை பந்தை வலைக்குள் செலுத்துவதென்றால் அது எத்தகைய ஆற்றல் என்பதை எண்ணிப் பாருங்கள்! அத்தகையவர் தம் சொந்த ஊரின் கழகத்தில் ஆடினார். ஆட்டத்தை விட்ட பின்பும் அக்கழகத்தின் பணியிலேயே நீடித்தார். ஊரில் பிறந்த திறமைக்கு ஊரிலேயே ஓர் இடம் கிடைத்தது. சிற்றூர்க் கழகம் ஒன்று செய்யக்கூடிய தலையாய தொண்டு இதுவே என்பது என் எண்ணம்.

டூராண்டுக் கோப்பையைப் பலமுறை வென்ற அக்கழகம், 1990களின் நடுவில் பெடரேஷன் கோப்பையை அடுத்தடுத்து இருமுறை கைக்கொண்டது. அப்போது சுக்விந்தர் சிங் பயிற்சியாளர். வெளி மாநிலத்து இளைஞர்களும் பக்வாராவை நாடி வந்தனர். திருச்சூர் விளையாட்டரங்கில் சிறுவயதில் சோடா விற்ற ஐ.எம். விஜயன் வந்தார். கேரளத்தின் ஜோபால் அஞ்சேரி வந்தார். பெங்களூரின் கார்ல்டன் சாப்மன் வந்தார். சிக்கிம் மலைச்சரிவில் தின்கிதாம் என்னும் சிற்றூரில் பிறந்த பாய்ச்சுங் பூட்டியா வந்தார். மலையும் கடற்கரையும் ஒரு துணியாலையின் ஊரில் வந்து கூடின.

1996ஆம் ஆண்டு இறுதியில் நம் நாட்டில் முதன்முதலாகத் தேசியக் கால்பந்துத் தொடர் தொடங்கிற்று. 12 கழகங்கள் களம் புகுந்தன. கல்கத்தாவின் பெருங்கழகங்கள் இருந்தன. கோவாவின் புகழ்மிக்க கழகங்கள் இருந்தன. 1997இல் தொடர் நிறைவுற்றபோது அவை அனைத்துக்கும் மேலே நின்ற பெயர் பக்வாராவினுடையது. 14 கோல்கள் அடித்த பூட்டியா, கோல் எண்ணிக்கையில் முதலிடம் பெற்றார். அப்போது அவருக்கு வயது இருபதே.

இக்கதையை நான் இவ்விடத்தில் நிறுத்திவிட்டிருந்தால் பிள்ளைகள் கைதட்டிக்கொண்டு வீடு திரும்பியிருப்பார்கள். ஆயினும் வரலாறு கற்பிப்பவன் இனிய ஏட்டோடு புத்தகத்தை மூடிவிடலாகாது.

விஜயன் சென்றார், பூட்டியா சென்றார். ஆயினும் கழகம் தளரவில்லை. 2005ஆம் ஆண்டில் மற்றோர் இளைஞர் அங்கு வந்து சேர்ந்தார். பின்னாளில் இந்தியாவிற்காக மிகுதியான கோல்கள் அடித்த சுனில் சேத்ரிதான் அவர். 2006-07 பருவத்தில் பக்வாராக் கழகம் தேசியத் தொடரில் இரண்டாம் இடம் பெற்றது. அது அணையும் விளக்கின் சுடரே. காலம் மாறிவிட்டது. ஆட்டக்காரரை வேலையில் அமர்த்திய முறை போய், ஆண்டுக்கு இத்தனை தொகை என்று ஒப்பந்தம் செய்யும் முறை வந்தது. செலவு பெருகிற்று. 2010-11 பருவத்தில் கழகம் முதற்பிரிவிலிருந்து கீழே இறங்கிற்று. 2011ஆம் ஆண்டு ஜூன் 20ஆம் நாள் நிறுவனம் கழகத்தையே கலைத்துவிட்டது. செலவிடும் பொருளுக்கு ஏற்ற விளம்பரமும் பயனும் இவ்வாட்டத்தில் இல்லை என்பது சொல்லப்பட்ட காரணம்.

நாற்பது ஆண்டுகள் வாழ்ந்த கழகம் ஒரே அறிவிப்பில் இல்லாமற் போயிற்று. களத்தில் தோற்றதால் மட்டும் அது அழியவில்லை. தோற்ற கழகம் மறு ஆண்டு முயன்று மேலே வரலாம். கணக்கேட்டில் ஒரு வரி அடிக்கப்பட்டதாலேயே அது அழிந்தது. அந்த வரியை அடிக்கும் உரிமை ஆலைக்கு இருந்தது. தடுக்கும் உரிமை ஊருக்கு இருக்கவில்லை.

இது நம் நாட்டின் குறை மட்டுமா என்றால், அன்று. பந்து உலகெங்கும் உருண்டையாகவே இருக்கிறது. ஐரோப்பாவில் ருமேனியா என்னும் நாடு உள்ளது. அதன் தலைநகர் புகாரெஸ்டிலிருந்து ஏறத்தாழ 60 கிலோமீட்டர் தொலைவில் உர்சிசேனி என்றோர் ஊர் இருக்கிறது. தோலில் பட்டால் தினவெடுக்கும் காஞ்சொறிச் செடியின் பெயரால் அமைந்த ஊர் அது. மக்கள் தொகை 17,000க்கும் குறைவு. திண்டிவனத்தின் நான்கில் ஒரு பங்குகூட இல்லை. அங்கே 1954இல் தோன்றிய யூனிரியா என்னும் கழகம், நெடுங்காலம் கீழ்ப்பிரிவுகளில் ஆடி வந்தது. பின்னர்ச் செல்வம் வந்தது. டான் பெட்ரெஸ்கு என்னும் புகழ்பெற்ற முன்னாள் ஆட்டக்காரர் பயிற்சியாளராக வந்தார். 2006இல் முதற்பிரிவில் நுழைந்த அக்கழகம், 2009இல் நாட்டின் வாகையையே சூடிற்று.

அவ்வாண்டு இலையுதிர் காலத்தில் ஐரோப்பாவின் தலைசிறந்த கழகங்கள் மோதும் போட்டியில் அச்சிற்றூர் கலந்துகொண்டது. அத்தகைய ஆட்டங்களை நடத்த ஊர்க் களம் போதாமையால், சொந்த ஆட்டங்களையும் தலைநகரில் சென்று ஆடினர். ஸ்காட்லாந்தின் கிளாஸ்கோ நகரில், நூறாண்டுக்கு மேற்பட்ட பெருமை வாய்ந்த ரேஞ்சர்ஸ் கழகத்தை அதன் சொந்தக் களத்திலேயே நான்குக்கு ஒன்று என்று வென்றனர். ஸ்பெயினின் செவில்லாக் கழகத்தையும் ஒரு கோலால் வென்றனர். உலகம் வியந்தது.

பிறகு நடந்ததைக் கேளுங்கள். அவ்வாண்டு முடிவதற்குள் பயிற்சியாளர் விலகினார். மறு ஆண்டு சிறந்த ஆட்டக்காரர் பலர் தலைநகரக் கழகத்திற்குச் சென்றனர். பணம் வற்றிற்று. 2011இல் முதற்பிரிவிலிருந்து வீழ்ந்த அக்கழகம், அவ்வாண்டிலேயே கலைந்தது. பக்வாரா மறைந்த அதே 2011! ஒன்றையொன்று அறியாத இரண்டு சிற்றூர்கள், ஓராண்டில் ஒரே நோயால் தம் கழகங்களை இழந்தன.

நம் வீட்டுக்கு அருகிலும் இதற்குச் சான்று உண்டு. சென்னை சிட்டி என்னும் கழகம், பெயர் சென்னையுடையதாயினும், கோயம்புத்தூர் நேரு விளையாட்டரங்கைத் தன் களமாகக் கொண்டு ஆடிற்று. 2019ஆம் ஆண்டு மார்ச் 9ஆம் நாள், ஐ-லீக் தொடரின் இறுதி ஆட்டத்தில் மினர்வா பஞ்சாபை மூன்றுக்கு ஒன்று என வென்று, கல்கத்தாவின் ஈஸ்ட் பெங்கால் கழகத்தை ஒரே புள்ளியால் பின்தள்ளி வாகை சூடிற்று. நம் மாநிலத்துப் பிள்ளைகள் பலர் அக்குழுவில் ஆடினர். அன்று நான் சிறுபிள்ளைபோல் மகிழ்ந்தேன். மூன்றாண்டு கழியுமுன், 2021-22 பருவத்துக் கழகங்களின் பட்டியலில் அப்பெயர் இல்லை.

ஆயினும் ஒன்றைக் கவனியுங்கள். அவ்வாகையருள் ரெஜின் மைக்கேல் என்பவர் ஒருவர். முந்திய பருவத்தில் அதே கழகத்தில் ஆடிப் புகழ் பெற்ற மைக்கேல் சூசைராஜ் அவருடைய உடன்பிறந்தவர். இருவரும் குமரி மாவட்டத்தின் மேலைக் கடற்கரையில், இரவிபுத்தன்துறை என்னும் மீனவர் ஊரிலிருந்து வந்தவர்கள். தூத்தூர், சின்னத்துறை முதலிய அப்பக்கத்து ஊர்களில் கடல்மணலே ஆடுகளம். தந்தையர் கடலுக்குச் செல்ல, பிள்ளைகள் கரையில் பந்து உதைப்பர். கோயம்புத்தூரில் வாகை சூடிய கழகம் பட்டியலிலிருந்து மறைந்தது. அதற்கு ஆட்டக்காரரைத் தந்த மணற்கரையில் பந்து நிற்கவில்லை. மேலே கட்டிய மாளிகை சரிந்தும் அடியிலுள்ள ஊற்று வற்றவில்லை. அந்த ஊற்று எந்த ஒருவருடைய உடைமையும் அன்று.

நேயர்களே, இதுவரை பிறர் கதை சொன்னேன். இனி என் கதையைச் சொல்லாவிட்டால் நான் நேர்மையுடையவன் ஆகேன்.

ஆசிரியர் பயிற்சி முடித்து இளைஞனாகப் பணியில் சேர்ந்த நாள்முதல் எனக்குக் கால்பந்தின் மேல் பற்று மிகுதி. தலைமையாசிரியர் ஆனபின் என் பள்ளியில் ஒரு குழு அமைத்தேன். பந்து என் சம்பளத்தில் வாங்கியது. கோல் கம்பங்கள் நான் விலை பேசிக் கொணர்ந்த சவுக்குக் கழிகள். யார் முன்னணியில் ஆடுவது, யார் பின்னே நிற்பது, எந்த ஊருக்கு ஆடப் போவது, பேருந்துக் கட்டணம் யார் கொடுப்பது ஆகிய அனைத்தையும் நானே முடிவு செய்தேன். திண்டிவனத்தில் ஒருமுறை எங்கள் பிள்ளைகள் கேடயம் வென்று திரும்பியபோது, பேருந்தில் வந்தவர்கள் எல்லாரும் எழுந்து அவர்களுக்கு இடம் கொடுத்தார்கள். அன்று என்னிலும் பெருமை கொண்டவர் எவரும் இல்லை.

நான் ஓய்வு பெற்றேன். மறு ஆண்டு குழு இல்லை. என் பின் வந்தவர்கள் மேல் மனத்துக்குள் குறைபட்டுக்கொண்டேன். விடுதலை நாள் விழாவிற்கு அழைத்திருந்தார்கள், சென்றேன். கோல் கம்பங்களின் அடியைக் கரையான் அரித்திருந்தது. "ஏன் தம்பி, ஆடுவதில்லையா?" என்று ஒரு மாணவனைக் கேட்டேன். "பந்து பெட்டியில் இருக்கிறது, ஐயா. சாவி எங்கே என்று யாருக்கும் தெரியவில்லை," என்றான்.

வீடு திரும்பினேன். என் சாவிக்கொத்தை எடுத்து ஒவ்வொன்றாகப் பார்த்தேன். கதவுச் சாவி, பீரோச் சாவி, மிதிவண்டிச் சாவி. அவற்றோடு அந்த விளையாட்டுப் பெட்டியின் சாவியும் தொங்கிக்கொண்டிருந்தது. பொறுப்பை ஒப்படைத்த நாளில் பதிவேடு, பணக்கணக்கு, தளவாடப் பட்டியல் ஆகிய எல்லாவற்றையும் முறைப்படி ஒப்படைத்தவன், இதை மட்டும் மறந்திருக்கிறேன். மறதி என்று இன்று சொல்கிறேன். அச்சாவியை வேறொருவர் கையில் கொடுக்கலாம் என்ற எண்ணமே பணிக்காலம் முழுதும் எனக்கு எழவில்லை என்பதுதான் உண்மை.

பக்வாராவில் ஆலை எதுவோ, என் பள்ளியில் நான் அது. என் அன்பில் குறையில்லை; என் உழைப்பில் குறையில்லை. ஆயினும் நான் இருக்கும்வரை மட்டுமே இருக்கக்கூடிய ஒன்றைக் கட்டி, அதற்குக் கழகம் என்று பெயரிட்டேன்.

வெட்கமுற்ற அன்றே சென்று சாவியைக் கொடுத்தேன். பின்னர் எங்கள் ஊர்ப் பிள்ளைகள், பெண்பிள்ளைகளும் சேர்ந்து, தாமாக ஒரு குழு அமைக்க முனைந்தபோது, நான் சொன்னது ஒன்றே: "எதையும் என்னிடம் வைக்காதீர்கள்." விருப்பமுள்ள வீடுதோறும் திங்களுக்கு 10 ரூபாய் திரட்டுகிறார்கள். வரவு செலவை ஒரு நாற்பது பக்க நோட்டில் எழுதி, திங்கள் முதல் ஞாயிறன்று வேப்பமரத்தடியில் உரக்கப் படிக்கிறார்கள். சவுக்குத் தோப்பு உடையவர் கம்பம் தருகிறார்; தையல் தெரிந்த அம்மா வலை பின்னித் தருகிறார். பந்து ஒரு வாரம் ஒரு வீட்டில், மறு வாரம் அடுத்த வீட்டில் தங்குகிறது. இதுவரை அவர்கள் ஒரு கோப்பையும் வெல்லவில்லை. காணும் பொங்கலன்று பக்கத்து ஊரிடம் ஐந்து கோல் வாங்கித் தோற்றார்கள். மறுநாள் மாலை ஐந்து மணிக்கு மீண்டும் புழுதி எழுந்தது.

அப்படியானால் செல்வர் தரும் உதவியை மறுத்துவிடச் சொன்னேனா? இல்லை. பொருளுடையோரைப் பழிப்பது எளிது. அது அறிவுடைமையும் அன்று. அந்த ஆலை இல்லையேல் பக்வாராவுக்கு நாற்பதாண்டுப் புகழ் ஏது? சோடா விற்ற சிறுவனும் மலைநாட்டு இளைஞனும் ஒரே குழுவில் நின்றது எங்ஙனம்? உழவர் வீட்டுப் பிள்ளைகளுக்குச் சம்பளம் ஏது? வள்ளல்கள் வேண்டும். ஆனால் மழை பெய்தால் நீரைத் தேக்க ஊருக்கென்று ஓர் ஏரி இருக்கவேண்டும். ஏரிக்கரையைக் காப்பது மழையின் வேலையன்று, ஊரின் வேலை. கரையிருந்தால் மழை பொய்த்த ஆண்டிலும் சிறிது நீர் நிற்கும். கரையில்லாத ஊரில் பெருமழையும் ஒரே நாளில் ஓடிப்போகும்.

ஆகவே பிள்ளைகளிடம் நான் சொன்னது இது: "கொடுப்பதை நன்றியோடு வாங்கிக்கொள்ளுங்கள். சட்டையில் அவர் பெயரைப் பொறித்துக்கொள்ளுங்கள். அது அவருக்கு நாம் செய்யும் மரியாதை. ஆனால் கழகத்தின் பெயர் ஊரின் பெயராகவே இருக்கட்டும். கணக்கு நோட்டு வேப்பமரத்தடியிலேயே படிக்கப்படட்டும். அவர் எத்தனை ஆயிரம் கொடுத்தாலும், வீட்டுக்குப் 10 ரூபாய் திரட்டுவதை ஒரு திங்களும் நிறுத்தாதீர்கள். அவர் ஒருநாள் கையை விரித்துவிட்டால், மறுநாள் மாலை ஐந்து மணிக்கு நீங்கள் ஆட முடியவேண்டும். அதற்கு இசைந்தால் ஏற்றுக்கொள்ளுங்கள்."

முடிவு என்ன என்று கேட்கிறீர்களா? அதை அவர்களே கூடிப் பேசிக்கொண்டிருக்கிறார்கள். என்னை அழைக்கவில்லை, நானும் போகவில்லை.

இவ்வுரையை எழுதி முடித்த நேற்று மாலை, வெளியூரிலிருந்து வந்த என் பேரன் பந்து வேண்டுமென்று கேட்டான். இவ்வாரம் பந்து எந்த வீட்டில் தங்கியிருக்கிறது என்று எனக்குத் தெரியவில்லை. தெருவில் சென்ற ஒரு சிறுமியைக் கேட்கச் சொன்னேன். அவளுக்குத் தெரிந்திருந்தது.